மேல் ட்ரம்மில் அவன், கீழ் ட்ரம்மில் அவள்

புருசனும் பெண்சாதியும் உடுப்பைத் தனித்தனியாகத் துவைப்பார்களா? இந்தக் கேள்வி பியற்றிஸின் மண்டைக்குள் நுழைந்து மூன்று கிழமையாகிறது. நுழைந்தது வெளியே போகவில்லை, அங்கேயே சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டது. லண்டன் இல்ஃபோர்ட்டில் அவள் வேலை செய்யும் பள்ளிக்கூடச் சமையலறையில் முந்நூறு பிள்ளைகளுக்கு உருளைக்கிழங்கு மசிக்கும்போதும் அதே நினைவு, வெள்ளிக்கிழமை சிலுவைப்பாதையில் முழந்தாளிடும்போதும் அதே நினைவு.

எல்லாம் அந்த மெஷின் வந்த பிறகு தொடங்கியது. சனவரியில் பழைய மெஷின் பாதிச் சுற்றில் உயிரை விட்டபோது, அவளுடைய கணவர் கிறிஸ்துநாயகம் ஒன்றுக்கு இரண்டாக ஒன்றைப் பிடித்துக்கொண்டு வந்தார். கீழே பெரிய ட்ரம், அதன் தலைமேல் சின்ன ட்ரம். இரண்டு கதவு, இரண்டு சவர்க்காரப் பெட்டி, இரண்டு பொத்தான். மேலே ஒரு சூட்டில் ஒரு கூட்டம் உடுப்பு ஓட, கீழே வேறு சூட்டில் வேறு கூட்டம் ஓடும்.

"ரெண்டு தரம் தோய்க்கிற வேலை ஒரு தரத்தில முடிஞ்சுது, பாரும்" என்று அவர் தானே கண்டுபிடித்ததுபோல மெஷினைத் தட்டிக்கொடுத்தார். அதோடு நில்லாமல் பியற்றிஸின் கைத்தொலைபேசியிலும் அதை இணைத்துவிட்டார். எந்த ட்ரம் எத்தனை பாகைச் சூட்டில் ஓடுகிறது, எப்போது முடியும் என்பதெல்லாம் அவள் கையிலேயே தெரிந்தது. சந்தேகக்காரியின் கையில் இப்படி ஒரு சாமானைக் கொடுக்கலாமா என்று அந்த மனிதர் ஒரு நிமிடமாவது யோசித்திருக்க வேண்டும்.

புது மெஷின் வந்த சந்தோஷத்தில் பியற்றிஸ் பெரிய மனதும் காட்டினாள். மாடி அறையில் வாடகைக்கு இருந்த இளம் தம்பதி கிருசாந்தனும் மேரிசாந்தியும் அதுவரை உடுப்பைப் பையில் கட்டித் தெருமுனை லோண்டரிக்குச் சுமந்துகொண்டிருந்தார்கள். "இனி இதிலயே போடுங்கோ. சனிக்கிழமை உங்கட நாள்" என்றாள். அவர்கள் கையெடுத்துக் கும்பிடாத குறை.

பெப்ரவரியில் ஒரு சனிக்கிழமைதான் அவள் உற்றுக் கவனித்தாள். கிருசாந்தன் கறுப்புப் பை ஒன்றை இறுக்கி முடிச்சுப் போட்டுக்கொண்டு வந்தான். மேரிசாந்தி நீலக் கூடையுடன் வந்தாள். அவன் பையை அவிழ்த்து மேல் ட்ரம்முக்குள் கொட்டிக் கதவைப் படாரென்று மூடினான். அதற்குப் பிறகுதான் அவள் மெஷினுக்குக் கிட்ட வந்தாள். தன் உடுப்பைக் கீழ் ட்ரம்மில் போட்டாள். மேலே அறுபது, கீழே நாற்பது. இரண்டும் ஒன்றாகச் சுற்றத் தொடங்கின.

அடுத்த சனிக்கிழமையும் அப்படியே. அதற்கடுத்த சனிக்கிழமை பியற்றிஸ் கோவிலில் பூ வைத்துக்கொண்டிருந்தாள். பையிலிருந்த தொலைபேசி சிணுங்கியது. எடுத்துப் பார்த்தால் மேலே அறுபது, கீழே நாற்பது. மாதாவின் காலடியில் நின்றுகொண்டு அவள் பல்லைக் கடித்தாள். மூன்று கிழமையில் ஒரு காலுறைகூட இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் போகவில்லை!

அவளுக்குக் கலியாணமாகி முப்பத்தொரு வருடம். கிறிஸ்துநாயகத்தின் பெனியனும் அவளுடைய நைட்டியும் ஒன்றையொன்று கட்டிப்பிடித்துக்கொண்டு மெஷினை விட்டு வராத நாளே இல்லை. ஒருமுறை சண்டை பிடித்து நான்கு நாள் முகம் கொடுக்காமல் இருந்தார்கள். அந்த நான்கு நாளும் உடுப்புகள் மட்டும் ஒற்றுமையாகத்தான் இருந்தன.

அவள் நேரே கேட்கிற ஆள். கேட்டேவிட்டாள்.

"தம்பி, ரெண்டுபேர் உடுப்புக்கு ரெண்டு ட்ரம்மோ? கீழ எல்லாம் கொள்ளுமே."

கிருசாந்தன் இல்ஃபோர்ட்டிலேயே ஒரு மீன்கடையில் மீன் வெட்டுகிறவன். தலையைச் சொறிந்தான். "மீன் மணம் அன்ரி. அவாக்கு ஒத்துவராது."

பியற்றிஸ் அங்கேயே அவனைப் பிடித்துவிட்டதாக நினைத்தாள். மேரிசாந்தி யார்? மன்னார், பேசாலைக்காரி. தகப்பனுக்கு இரண்டு படகு. கரையில் மீன் தரம்பிரித்து, கருவாடு காயப்போட்டு வளர்ந்த கதையை, குடிவந்த முதல் கிழமையே அவள் வாயாலேயே சொல்லியிருக்கிறாள். பியற்றிஸ் மட்டும் என்ன, யாழ்ப்பாணக் கரையோரத்துப் பாசையூர்க்காரி. மீன் மணக்கும் என்பதே அவளுக்கு லண்டன் வந்து பக்கத்து வீட்டு வெள்ளைக்காரி ஜன்னலைச் சாத்தியபோதுதான் தெரியும். பேசாலையில் பிறந்த பெட்டைக்கு மீன் மணம் ஒத்துவராதாம்! பொய் சொல்வதற்கும் ஒரு பொருத்தம் வேண்டாமா?

அன்றிலிருந்து கண்ணில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு பார்க்கத் தொடங்கினாள். பார்க்கப் பார்க்க அகப்பட்டது. அவன் வேலையால் வந்தால் நேரே மாடிக்குப் போவதில்லை. கீழே உள்ள குளியலறையில் அரைமணி நேரம் குளித்துவிட்டுத்தான் போகிறான். இரண்டு பேரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடுவதில்லை. அவன் குசினியில் நின்றபடியே விழுங்குகிறான், அவள் இரண்டு துண்டு பாணை வாட்டி எடுத்துக்கொண்டு மேலே போகிறாள். மார்ச் குளிரில் மாடி ஜன்னல் திறந்தே கிடக்கிறது. ஒரு நாள் விடியப் பார்த்தால் அவன் கீழே சோபாவில் கிடக்கிறான். "இருமல் அன்ரி, அவாக்கு நித்திரை குழம்பும்" என்றான். அவன் இருமிப் பியற்றிஸ் ஒருநாளும் கேட்டதில்லை.

இவர்கள் புருசன் பெண்சாதியே இல்லை. அந்த முடிவு பியற்றிஸுக்குப் பெரிய சிக்கலாகிவிட்டது, ஏனென்றால் கடிதம் ஒன்று நடுவில் கிடந்தது.

மேரிசாந்தி முதியோர் பராமரிப்பு வேலைக்கென்று விசாவில் வந்தவள். அவளை எடுத்த நிறுவனம் இழுத்து மூடிவிட்டது, விசாவும் முடியப்போகிறது. கிருசாந்தனுக்கு நிரந்தர விசா இருந்தது. அவனுடைய மனைவி என்று இப்போது விண்ணப்பிக்க வேண்டும், வருகிற வியாழனுக்குள். கலியாணத்தை அவர்கள் குரோய்டன் பக்கம் ஒரு பதிவு அலுவலகத்தில் பதினெட்டுப் பேரோடு முடித்திருந்தார்கள். பியற்றிஸ் அதைக் கண்ணால் கண்டதில்லை. ஆனால் இந்த வீட்டில் எட்டு மாதமாகக் கணவன் மனைவியாக வாழ்கிறார்கள் என்று வீட்டுக்காரி கையெழுத்துப் போட்டு ஒரு கடிதம் தர வேண்டும் என்று லோயர் சொல்லியிருந்தார். கடிதம் இல்லாவிட்டால் விண்ணப்பம் பலவீனம், அந்தப் பிள்ளை திரும்பிப் போகவும் நேரலாம்.

முன்பு கேட்டிருந்தால் பியற்றிஸ் கண்ணை மூடிக்கொண்டு எழுதியிருப்பாள். இப்போது பேனையைத் தொடப் பயமாக இருந்தது. கோவிலுக்கு வரும் பிறேமினி எப்போதோ யாருக்கோ இப்படிக் கடிதம் கொடுத்துவிட்டு, காலை ஆறு மணிக்கு வாசலில் இரண்டு அதிகாரிகளைக் கண்டு நைட்டியோடு நடுங்கிய கதை ஊருக்கே தெரியும். பிறேமினியிடம் யோசனை கேட்கவும் வழியில்லை. தவக்காலத்துக்கு மற்றவர்கள் இறைச்சியை விடுவார்கள், சோக்கிலேட்டை விடுவார்கள். பியற்றிஸ் இந்த வருடம் ஊர்க்கதை பேசுவதை விட்டிருந்தாள். பங்குச் சுவாமியிடமே சொல்லி வைத்திருந்ததால் மீறவும் முடியவில்லை. வெளியே விட வழியில்லாத சந்தேகம் உள்ளேயே கிடந்து புளித்தது.

கடைசியில் கிறிஸ்துநாயகத்திடம்தான் கொட்டினாள்.

"இஞ்சாருங்கோ, இதுகள் விசாவுக்கு நடிக்குதுகள்."

அவர் தொலைக்காட்சியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "உமக்கு ஆர் சொன்னது?"

"மெசின் சொன்னது."

"நல்ல காலம், ஃபிரிட்ஜிட்டையும் ஒருக்காக் கேட்டுப் பாரும்."

"பகிடி விடாதேங்கோ. நாளைக்குப் பொய்க் கையெழுத்தெண்டு வந்தால் ஆரைக் கேப்பாங்கள்? என்னைத்தானே கேப்பாங்கள்?"

அந்தப் பயம் உண்மையானது. கையெழுத்து என்றால் அவளுக்குச் சத்தியம் மாதிரி. அதற்குள் இன்னொன்றும் இருந்தது, அதை அவள் தனக்கே ஒத்துக்கொள்ளவில்லை. அந்தப் பிள்ளையை அவளுக்குப் பிடிக்கும். தன்னோடு பூசைக்கு வந்து, தன் பக்கத்தில் முழந்தாளிட்ட பிள்ளை தன்னை ஏய்த்துவிட்டாள் என்பதுதான் அவளுக்குக் கூடுதலாக எரிந்தது.

வெள்ளிக்கிழமை சிலுவைப்பாதை முடிந்து வந்ததும் அவள் பொறியை வைத்தாள். உயிர்ப்புத் திருநாள் வரை கோவிலின் பீடத்துணிகளைத் துவைக்கும் பொறுப்பு அவளுடையது. நல்ல சாட்டு. இரண்டு பேரும் குசினியில் நின்றபோது சொன்னாள்.

"பிள்ளையள், மேல் ட்ரம் இனிக் கோயில் துணிக்கு. நீங்கள் ரெண்டுபேரும் கீழ ஒண்டாப் போடுங்கோ."

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அந்தப் பார்வையைப் பியற்றிஸ் விட்டுவைக்கவில்லை, எடுத்துப் பத்திரப்படுத்திக்கொண்டாள்.

"பரவாயில்லை அன்ரி" என்றான் கிருசாந்தன். "என்ரய நான் பழையபடி லோண்டரியில குடுக்கிறன்."

போச்சு! வீட்டில் மெஷின் இருக்க, மழையில் சுமந்துகொண்டு வெளியே போகிறானாம், மனைவியின் உடுப்போடு சேர்க்க மாட்டானாம். பியற்றிஸின் பொறுமை அத்தோடு அறுந்தது.

"தம்பி, நான் மறைச்சுக் கதைக்கத் தெரியாதவள். புருசன் பெண்சாதியெண்டால் உடுப்பு ஒண்டாத்தான் கிடக்கும். சேர்ந்து சாப்பிடுறேல்லை, சேர்ந்து படுக்கிறேல்லை, ஒரு சேட்டைக் கூடச் சேர்த்துத் தோய்க்கிறேல்லை. பிறகு என்னெண்டு நான் கடிதத்தில எழுதுறது? என்னாலை பொய் எழுத ஏலாது."

கிருசாந்தனின் முகம் சிவந்தது. "அன்ரி, அது..." என்று தொடங்கினான். மேரிசாந்தி அவன் கையைப் பிடித்து நிறுத்தினாள். அவள் பியற்றிஸைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை. களைப்புத்தான் இருந்தது.

"நாளைக்கு ஒண்டாப் போடுறன் அன்ரி" என்றாள்.

சனிக்கிழமை கிருசாந்தன் விடிய வேலைக்குப் போய்விட்டான். தவக்காலத்தில் மீன்கடைக்கு ஓய்வேது. மேரிசாந்தி தனியாக இறங்கி வந்தாள். ஒரு கையில் நீலக் கூடை, மற்றக் கையில் முடிச்சுப் போட்ட கறுப்புப் பை. பியற்றிஸ் மேசையில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். உரித்தது பாதி, பார்த்தது பாதி.

பிள்ளை மூச்சைப் பிடித்துக்கொண்டு பையின் முடிச்சை அவிழ்த்தாள். முகத்தை ஒரு பக்கம் திருப்பியபடி அவனுடைய சேட்டுகளையும் மேலங்கிகளையும் கீழ் ட்ரம்முக்குள் தள்ளினாள். அவற்றோடேயே தன் உடுப்பையும் போட்டாள். அவளுடைய மெல்லிய சட்டைகள் அறுபது தாங்காது. நாற்பதில் வைத்துப் பொத்தானை அமத்திவிட்டு விறுவிறென்று மாடிக்கு ஏறிவிட்டாள். என்ன நடிப்பு என்று பியற்றிஸ் நினைத்தாள். கீழே வெள்ளைச் சட்டையும் மீன்கடைச் சேட்டும் ஒன்றாகப் புரண்டன. மேல் ட்ரம் சும்மா கிடந்தது.

ஒரு மணித்தியாலத்தில் தொலைபேசி சிணுங்கியது. மேரிசாந்தி வந்து குந்தியிருந்து கதவைத் திறந்தாள்.

இளஞ்சூட்டில் ஊறிய மீன் வாசம் குசினிக்குள் வந்தது. பியற்றிஸுக்கு அது ஒன்றுமே இல்லை. மேரிசாந்தி ஈரமான ஒரு சேட்டை இழுத்தாள், அதன் கை அவளுடைய சட்டையோடு முறுகிக்கொண்டு வந்தது. அவள் அதைப் பிரிக்கப் பார்த்தாள். அப்புறம் எல்லாவற்றையும் போட்டுவிட்டு எழும்பி ஓடினாள். சிங்கை எட்டிப் பிடிப்பதற்குள் வாந்தி வந்துவிட்டது. குடல் புரண்டு வருகிற வாந்தி. வயிற்றில் பாணைத் தவிர எதுவும் இல்லாத வாந்தி.

பியற்றிஸ் கத்தியைப் போட்டுவிட்டுப் போய் அவள் தலையைத் தாங்கினாள், கூந்தலை அள்ளிப் பிடித்தாள். பிடித்த அந்தக் கணத்தில் அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. மூன்று பிள்ளை பெற்றவள். மூத்தவனைச் சுமந்தபோது தாளித்த வெங்காயம் ஆகாமல், கிறிஸ்துநாயகத்தை ஒரு மாதம் பக்கத்தில் அண்டவிடாதவள். அந்தப் பழைய கதையை எங்கே கொண்டுபோய் வைத்திருந்தாள் இத்தனை நாளும்? குளித்துவிட்டு ஏறுகிற புருசன், திறந்து கிடந்த ஜன்னல், வாட்டிய பாண், சோபா, அறுபது பாகை. தான் பொறுக்கிச் சேர்த்த சாட்சியெல்லாம் திரும்பி நின்று அவளையே பார்த்தன.

வெட்கம் அவளைத் தின்றது.

"எத்தினை கிழமை பிள்ளை?"

மேரிசாந்தி வாயைத் துடைத்தாள். பொய் சொல்ல நினைத்ததுபோல ஒரு கணம் நின்றாள். பிறகு, "பத்து அன்ரி" என்றாள்.

"மடைச்சி, ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே! நான் அந்த மெசினையே தூக்கி வெளியில வைச்சிருப்பனே!"

"மூண்டு மாசம் முடியுமட்டும் ஒருத்தருக்கும் சொல்லுறேல்லை எண்டு நினைச்சம்." அவள் சிங்கின் விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தாள். "போன வருசம் ஈஸ்ட்ஹாமில இருக்கேக்க ஒருக்கா வயித்தில வந்தது. தெரிஞ்ச அண்டைக்கே எல்லாருக்கும் சொன்னம். ஊருக்குக்கூட எடுத்துச் சொன்னம். ஒன்பதாம் கிழமை அழிஞ்சு போச்சு. பிறகு ஒவ்வொருத்தருக்கும் திரும்ப எடுத்து அதையும் சொல்லவேண்டி வந்தது அன்ரி. ஒரு மாமி பிள்ளைக்குப் புது உடுப்பே வாங்கி வைச்சிருந்தவா."

பியற்றிஸ் அவளைக் கதிரையில் உட்கார வைத்தாள். எலுமிச்சம்பழத்தை வெட்டி மூக்குக்குக் கிட்டப் பிடித்தாள். கதவையும் ஜன்னலையும் விரியத் திறந்தாள். பிறகு தானே குந்தியிருந்து, முறுகிக் கிடந்த ஈர உடுப்புகளை ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்தாள். அவனுடையதெல்லாம் மேலே, வினாகிரி ஊற்றி, அறுபதில். அவளுடையதெல்லாம் கீழே, நாற்பதில், மணமில்லாத சவர்க்காரத்தில். இரண்டு பொத்தானையும் அவளே அமத்தினாள்.

"என்னை மன்னிச்சுக்கொள்ளு பிள்ளை" என்றாள், மெஷினைப் பார்த்தபடி.

அன்று பின்னேரமே கடிதம் எழுத உட்கார்ந்தாள். லோயர் தந்த மாதிரியைப் பார்த்து ஆங்கிலத்தில் மெல்ல மெல்ல எழுதினாள். இவர்கள் என் வீட்டில் எட்டு மாதமாகக் கணவன் மனைவியாக வாழ்கிறார்கள். அந்த வரி அவளுக்குப் போதாமல் இருந்தது. தன் குற்றத்துக்கு ஈடாக இன்னும் ஏதாவது கொடுக்க வேண்டும் போலிருந்தது. பிள்ளை வயிற்றில் என்று எழுத முடியாது, அது அவர்களுடைய இரகசியம். யோசித்துவிட்டு எழுதினாள்: இவர்கள் தங்கள் உடுப்பைத் தனித்தனியாகத் துவைக்கிறார்கள், மனைவிக்காகக் கணவன் அப்படிச் செய்கிறான், அதை நானே கண்ணால் கண்டேன்.

எழுதி முடித்துக் கிறிஸ்துநாயகத்திடம் நீட்டினாள். அவர் கண்ணாடியைப் போட்டு இரண்டு தரம் வாசித்தார்.

"இதென்ன உடுப்புக் கதை? இதை வாசிச்சால் விசாக்காரங்கள் என்ன நினைப்பாங்கள் தெரியுமே? புருசன் பெண்சாதியெண்டால் ஏன் தனித்தனியாத் தோய்க்கினம் எண்டுதான் நினைப்பாங்கள்."

பியற்றிஸ் கடிதத்தைத் திருப்பி வாங்கினாள். தான் இத்தனை நாளும் நினைத்ததைத்தான் அவர்களும் நினைப்பார்கள். அவர்களை எப்படிக் குற்றம் சொல்வது? அவர்களுக்குப் பாசையூரும் தெரியாது, பேசாலையும் தெரியாது. இரண்டும் தெரிந்த அவளுக்கே தெரியவில்லையே. அவள் புதுத் தாள் எடுத்து, அந்த வரியை விட்டுவிட்டுத் திரும்ப எழுதினாள். கடைசியில் மட்டும், இவர்கள் உண்மையான கணவன் மனைவி என்பதை நான் அறிவேன் என்று சேர்த்தாள். பேனையை அழுத்திக் கையெழுத்துப் போட்டாள். இந்த நாட்டுக்கு வந்து எத்தனையோ தாளில் கையெழுத்துப் போட்டிருக்கிறாள், இவ்வளவு நிச்சயமாக எதிலும் போட்டதில்லை.

ஞாயிறு பூசை முடிந்து படியிறங்கும்போது பிறேமினி பிடித்துக்கொண்டாள்.

"என்னப்பா, முகம் ஒரு மாதிரிக் கிடக்கு? என்ன புதினம்?"

வருடத்தின் மிகப் பெரிய புதினம் பியற்றிஸின் நாக்கு நுனியில் துள்ளியது. பக்கத்தில் மேரிசாந்தி கோட்டை இழுத்துப் போர்த்திக்கொண்டு நின்றாள், அவளுக்கும் மீன்கடைக்காரனுக்கும் நடுவில் நல்லதோர் இடைவெளி.

"ஒண்டுமில்லை, தவக்காலமல்லே" என்றாள் பியற்றிஸ்.

அடுத்த சனிக்கிழமை கிருசாந்தன் கறுப்புப் பையோடு தயங்கித் தயங்கி இறங்கி வந்தான். மெஷினுக்கு முன்னால் நின்றான்.

"மேல போடும் தம்பி. இனி மேல் ட்ரம் உம்மடதுதான்."

"அப்ப கோயில் துணி, அன்ரி?"

"அதுக்கு எனக்குக் கையிருக்கு."

அவள் ஒரு வாளிச் சுடுதண்ணீரோடு குளியலறைக்குப் போய், பீடத்துணியைத் தொட்டிக்குள் விரித்துவிட்டு முழந்தாளிட்டாள். முழங்கால் நொந்தது. குசினியில் இரண்டு ட்ரம்மும் ஒன்றாகச் சுற்றத் தொடங்கிய சத்தம் கேட்டது. பாவசங்கீர்த்தனத்துக்குப் போகும்போது இதை என்ன பாவமென்று சொல்வது என்று யோசித்துக்கொண்டே அவள் கசக்கினாள்.